இன்னொருவர் எடுத்த படம்: ஹாருன் ஃபரோக்கியின் வேலைமுறை

கைமேல் வைத்த சூடு

வெறும் சுவர், ஒரு மேசை. அதன் பின்னால் கோட்டு போட்ட ஓர் இளைஞர் உட்கார்ந்து, கையிலிருக்கும் தாளைப் பார்த்து வாசிக்கிறார். ஒரு வியட்நாம்காரர் போர்க்குற்ற விசாரணை மன்றத்தின் முன் கொடுத்த வாக்குமூலம் அது. 1966இல் ஒரு நாள், பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தபோது விமானச் சத்தம் கேட்டு அவர் பதுங்குகுழிக்கு ஓடியிருக்கிறார். அதற்குள் நாபாம் என்ற எரிகுண்டு பக்கத்திலேயே வெடித்துவிட்டது. வாசிக்கிற குரலில் ஏற்றமும் இல்லை, இறக்கமும் இல்லை. கோர்ட்டில் குமாஸ்தா படிப்பதுபோல் இருக்கிறது.

படித்து முடித்ததும் நிமிர்ந்து நம்மைப் பார்க்கிறார். நாபாம் காயத்தின் படத்தைக் காட்டினால் நீங்கள் கண்ணை மூடிக்கொள்வீர்கள் என்கிறார். முதலில் படத்தைப் பார்க்காமல் மூடுவீர்கள். பிறகு அதன் நினைவு வராமல் மூடுவீர்கள். பிறகு உண்மைகளே கண்ணில் படாமல் மூடுவீர்கள். கடைசியில் இதெல்லாம் ஒன்றோடொன்று எப்படிப் பின்னிக் கிடக்கிறது என்பதையும் பார்க்கமாட்டீர்கள். ஆகவே ஒரு சின்னச் செயல்விளக்கம்தான் தர முடியும் என்று சொல்லிவிட்டு, எரிகிற சிகரெட்டை எடுத்துத் தன் முன்கையில் அழுத்துகிறார். சிகரெட் சுமார் 400 டிகிரியில் எரிகிறது, நாபாம் சுமார் 3000 டிகிரியில் எரிகிறது என்று ஒரு குரல் சொல்கிறது.

'அணைக்க முடியாத நெருப்பு' என்ற அந்தப் படம் 1969இல் வந்தது. 25 நிமிடம், கறுப்பு வெள்ளை. மேசையில் இருந்தவர் அதன் இயக்குநர் ஹாருன் ஃபரோக்கி. அப்போது அவருக்கு வயது 25.

நாபாம் தயாரித்த டவ் கெமிக்கல் நிறுவனம் அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தில் மிட்லாண்ட் என்ற ஊரில் இருந்தது. அங்கே போகவோ படம்பிடிக்கவோ ஃபரோக்கியிடம் காசு கிடையாது. போயிருந்தாலும் உள்ளே விட்டிருக்கமாட்டார்கள். பெர்லினிலேயே சில அறைகளைப் பிடித்து, நடிகர்களை நிற்கவைத்து, "இது மிட்லாண்ட்" என்று சொல்லிவிட்டார். நடிகர்கள் விஞ்ஞானிகளாகவும் மேலாளர்களாகவும் உணர்ச்சி காட்டாமல் பேசுகிறார்கள். வேலை துண்டு துண்டாகப் பிரிந்து கிடப்பதால், ஒவ்வொருவரும் தன் துண்டை மட்டும் பார்க்கிறார். சேர்ந்து வருவது எரிகுண்டு. படத்தின் கடைசியில் ஒரு தொழிலாளி வருகிறார். வேக்யூம் கிளீனர் ஆலையில் வேலை. வீட்டுக்கு ஒன்று வேண்டும் என்று தினம் ஓர் உதிரிபாகத்தை எடுத்துவந்து பூட்டிப் பார்க்கிறார். எப்படிப் பூட்டினாலும் இயந்திரத் துப்பாக்கியாகவே வருகிறது. அடுத்து ஒரு மாணவர். அந்த ஆலை ரகசியமாகத் துப்பாக்கி செய்கிறது என்று நிரூபிக்க அவரும் பாகங்களை எடுத்துவந்து பூட்டுகிறார். அவருக்கு வருவது வேக்யூம் கிளீனர்.

கையில் பணமும் நுழைய அனுமதியும் புதிய காட்சியும் இல்லாதபோது ஆவணப்படக்காரர் என்ன செய்வார்? இந்த ஆய்வுக்கு ஃபரோக்கியை எடுத்துக்கொண்டதற்கு அந்தக் கேள்விதான் காரணம். எடிட்டிங் மேசையில் உட்கார்ந்து பழகிய எனக்கு அவருடைய பதில் ரொம்பப் பிடித்தது. உலகத்தில் ஏற்கெனவே ஏராளமான படங்கள் இருக்கின்றன. அவற்றை யார், யாருக்காக, எந்த வேலைக்காக எடுத்தார்கள் என்று கேட்டுவிட்டு மறுபடி பார்க்கலாம். 45 வருடம் அவர் செய்ததெல்லாம் பெரும்பாலும் இதுதான்.

பிறப்பும் பிழைப்பும்

1944 ஜனவரி 9இல், அன்று ஜெர்மனியோடு இணைக்கப்பட்டிருந்த, இன்று செக் நாட்டில் இருக்கிற நோவி யிச்சின் என்ற ஊரில் பிறந்தார். அப்பா அப்துல் குத்தூஸ் ஃபரூக்கி, 1920களில் ஜெர்மனிக்குக் குடிபெயர்ந்த இந்திய மருத்துவர், அம்மா ஜெர்மானியர். போர் முடிந்தபின் குழந்தைப்பருவத்தின் ஒரு பகுதி இந்தியாவிலும் இந்தோனேசியாவிலும் கழிந்தது. 1958இல் குடும்பம் ஹாம்பர்க்கில் குடியேறியது. குடும்பப் பெயரின் எழுத்துகளை 1969இல் அவரே சுருக்கிக்கொண்டார்.

1966இல் மேற்கு பெர்லினில் புதிதாகத் திறந்த திரைப்படக் கல்லூரியின் முதல் அணியில் சேர்ந்தார். 1968இல் அரசியல் நடவடிக்கைகளுக்காக வெளியேற்றப்பட்ட மாணவர்களில் அவரும் ஒருவர். அப்புறம் 1974 முதல் 1984 வரை 'ஃபில்ம்கிரிட்டிக்' என்ற சினிமா இதழின் ஆசிரியர் குழுவில் இருந்தார்.

இடையில் சோறு எங்கிருந்து வந்தது? பரிசோதனைப் படம் எடுப்பவர்களைப் பற்றி எழுதும்போது இதை யாரும் எழுதுவதில்லை என்பது என் நெடுநாள் வருத்தம். ஃபரோக்கியே இதைப் பற்றி 1970களில் வெளிப்படையாக எழுதினார். இரும்பாலையில் எந்தக் கழிவும் வீணாக வெளியே போவதில்லை. ஒரு பகுதியில் மிஞ்சும் வாயு இன்னொரு பகுதிக்கு எரிபொருளாகிறது. தன் வேலையையும் அப்படி ஒன்றோடொன்று பிணைத்துக்கொள்ளப் பார்ப்பதாக அவர் சொன்னார். ஒரு படத்துக்காகச் செய்யும் அடிப்படை ஆராய்ச்சிக்கு வானொலி நிகழ்ச்சி பணம் தரும். அதற்காகப் படித்த புத்தகங்கள் மதிப்புரை ஆகும். வழியில் கண்ணில் பட்டதெல்லாம் தொலைக்காட்சிக்குப் போகும். குழந்தைகள் நிகழ்ச்சிக்கும் குறும்படங்கள் செய்தார். எதையும் கைவிட்டுப்போன வேலையாக அவர் நினைத்ததில்லை.

இந்த இரும்பாலை உவமை எங்கிருந்தோ வந்து ஒட்டியது கிடையாது. அதே காலத்தில் அவர் சிரமப்பட்டு முடித்த முதல் முழுநீளப் படம், 'இரண்டு போர்களுக்கிடையே' (1978), அந்தப் பிணைப்பைப் பற்றியதுதான். நிலக்கரியைக் கோக் எரிபொருளாக்கும் உலையையும் இரும்பு உலையையும் வாயுக் குழாயால் பிணைத்தபின் ஒன்றை மட்டும் நிறுத்த முடியாது. சந்தையில் இரும்புக்குத் தேவை இல்லாத நாளிலும் உலை எரிந்தாக வேண்டும். ஜெர்மன் கனரகத் தொழில் போர்ப் பொருளாதாரத்தை நோக்கி நகர்ந்ததற்கு இது ஒரு காரணம் என்று படம் வாதிடுகிறது. அழிவுக்குப் போன ஒரு அமைப்பை நன்றாகப் படித்துவிட்டு, அதன் சிக்கன அறிவை மட்டும் தன் பிழைப்புக்கு எடுத்துக்கொண்டவர் அவர். இந்த இடம் எனக்கு எப்போதும் வியப்பு.

நிதானத்துக்கு ஓர் உதாரணம் சொல்லலாம். 1983இல் மியூனிக்கில் 'பிளேபாய்' இதழின் நடுப்பக்கத்துக்காக ஒரு பெண்ணின் நிர்வாணப் புகைப்படம் தயாராவதை அவர் பின்தொடர்ந்தார். நான்கு நாள் வேலை, ஒரே புகைப்படம். மரச்சட்டம் அடிக்கிறார்கள், விளக்கைத் திருப்புகிறார்கள், அந்தப் பெண்ணின் கையை ஒரு விரலளவு நகர்த்தச் சொல்கிறார்கள். வர்ணனை ஒரு சொல்கூட இல்லை. ஆசையின் படம் என்று நாம் நினைத்துக்கொள்வதற்குப் பின்னால் இருக்கிற தச்சு வேலையை 25 நிமிடம் உட்கார்ந்து பார்க்கிறோம்.

1944 ஏப்ரல் 4

'உலகின் படங்களும் போரின் பொறிப்பும்' (1988) அவருடைய படங்களில் அதிகம் பேசப்பட்டது. அதன் நடுவில் இருப்பது ஒரு வான்வழிப் புகைப்படம்.

1944 ஏப்ரல் 4. இத்தாலியின் ஃபோஜியாவிலிருந்து கிளம்பிய அமெரிக்க விமானம் சிலேசியாவின் தொழிற்சாலைகளைப் படம்பிடிக்கப் போனது. ஐ.ஜி. ஃபார்பன் என்ற ஜெர்மன் ரசாயன நிறுவனத்தின் செயற்கைப் பெட்ரோல், செயற்கை ரப்பர் ஆலைகள்தான் இலக்கு. குண்டு எங்கே போடலாம் என்று தெரிய வேண்டும், அவ்வளவுதான். படங்கள் இங்கிலாந்துக்குப் போயின. ஆய்வாளர்கள் உருப்பெருக்கிக் கண்ணாடி வைத்து மின்நிலையத்தைக் கண்டார்கள், கார்பைடு ஆலையைக் கண்டார்கள், கட்டிக்கொண்டிருந்த ரப்பர் ஆலையைக் கண்டார்கள். எல்லாவற்றுக்கும் குறிப்பு எழுதினார்கள். பக்கத்திலேயே, அதே படச்சுருளில், நாஜிகள் யூதர்களைக் கொன்ற அவுஷ்விட்ஸ் முகாம் இருந்தது. அதைத் தேடச் சொல்லி யாரும் அவர்களிடம் சொல்லவில்லை. அவர்கள் பார்க்கவும் இல்லை.

33 வருடம் கழித்து, 1977இல், அமெரிக்க உளவுத்துறையில் வேலைபார்த்த இரண்டு பேர் அந்தப் பழைய சுருள்களைத் தேடி எடுத்து மறுபடி பார்த்தார்கள். இந்த முறை குறிப்புகள் வேறு மாதிரி விழுந்தன: காவல் கோபுரம், வேலி, சுட்டுக்கொல்லும் சுவர், நச்சுவாயு அறை. ஒரு கட்டடத்தின் முன்னால் கோடுபோல் ஏதோ தெரிகிறது. பதிவுக்காக நிற்கும் மனிதர்களின் வரிசை. புகைப்படத்தின் மேல் அச்சிட்ட அந்த ஆங்கிலக் குறிப்புகளைத் திரை முழுக்கக் காட்டுகிறார் ஃபரோக்கி. ஒரு படத்தில் எல்லாம் பதிவாகியிருந்தும் எதுவும் தெரியாமல் போக முடியும் என்பதை இதைவிட நேராக யாரும் காட்டி நான் பார்த்ததில்லை.

அந்தப் படம் எடுத்து மூன்றாம் நாள், ஏப்ரல் 7 அன்று, ருடால்ஃப் வர்பா, ஆல்ஃப்ரெட் வெட்ஸ்லர் என்ற இரண்டு கைதிகள் முகாமில் மரக்கட்டை அடுக்குக்குள் ஒளிந்து, பிறகு தப்பித்தார்கள். உள்ளே நடப்பதை எண்ணிக்கையோடும் வரைபடத்தோடும் அவர்கள் வெளியுலகத்துக்குச் சொன்னார்கள். ஃபரோக்கி அவர்களையும் படத்துக்குள் கொண்டுவருகிறார். 7000 மீட்டர் உயரத்திலிருந்து பார்த்த கண்ணாடிக்கு அகப்படாதது, உள்ளே கிடந்து எண்ணியவர்களின் மனத்தில் இருந்தது.

படம் நேர்கோட்டில் போகாது. 1858இல் வெட்ஸ்லார் தேவாலயத்தை அளக்கப் போய்க் கீழே விழப் பார்த்த மைடன்பவுவர் என்ற கட்டடக்காரர், ஏறி அளப்பதற்குப் பதில் புகைப்படத்தை வைத்து அளக்கலாமே என்று யோசித்தது ஒரு இழை. 1960இல் அல்ஜீரியாவில் பிரெஞ்சு ராணுவம் அடையாள அட்டைக்காகக் கிராமத்துப் பெண்களின் முக்காட்டை விலக்க வைத்துப் புகைப்படம் எடுத்தது இன்னொரு இழை. அந்தப் படங்களை எடுத்தவர் மார்க் கராஞ்சே என்ற சிப்பாய். அவர் படங்கள் புத்தகமாக வந்திருந்தன. ஃபரோக்கி அந்தப் பக்கத்தின் மேல் தன் கையை வைக்கிறார். ஒரு பெண்ணின் முகத்தில் கண்ணை மட்டும் விட்டு வாயை மூடுகிறார். பிறகு வாயை விட்டுக் கண்ணை மூடுகிறார். முக்காடு என்ன மறைத்தது, கேமரா என்ன பறித்தது என்பது அந்தக் கை நகரும்போது நமக்கே உறைக்கிறது. 1969இல் சூடு வாங்கிய கையும் படத்தின் மேல் நகர்கிற இந்தக் கையும் ஒன்றுதானே என்று எனக்குத் தோன்றியது. படத்தைத் தொட்டுப் பார்க்கிற பழக்கம், வெட்டு மேசையில் ஃபிலிம் சுருளைத் தொட்டே வேலை செய்தவர்களுடையது.

ஜெர்மனில் 'அவுஃப்க்லேருங்' என்று ஒரு சொல் உண்டு. அறிவொளி என்றும் பொருள், ராணுவ வேவு என்றும் பொருள். படம் முழுக்க இந்தச் சொல்லின் இரண்டு முகத்தையும் அவர் திருப்பித் திருப்பிக் காட்டுகிறார். தமிழில் இதை ஒரே சொல்லில் கொண்டுவர நானும் முயன்று பார்த்தேன், வரவில்லை.

கேமரா ஏன் வானத்தைப் பார்த்தது

1989 டிசம்பர் 21. ருமேனியத் தலைநகர் புக்காரெஸ்டில் சர்வாதிகாரி சௌசெஸ்கு மாடத்தில் நின்று பேசுகிறார், நாடே நேரலையில் பார்க்கிறது. கூட்டத்தில் ஏதோ சலசலப்பு. அவர் பேச்சு தடுமாறுகிறது, முகம் மாறுகிறது. படம் நடுங்கித் துண்டிக்கப்பட்டு, திரை சிவப்பாகிறது. ஒளிபரப்பு நின்றாலும் ஒரு கேமரா பதிந்துகொண்டே இருந்தது. அது மெல்லக் கட்டடத்தின் மேலேறி வெறும் வானத்தைக் காட்டுகிறது. கலவரம் ஏதாவது நடந்தால் கேமராவை வானத்துக்குத் திருப்ப வேண்டும் என்பது ஒளிப்பதிவாளர்களுக்கு இருந்த கட்டளை என்று படம் சொல்கிறது.

ருமேனியாவில் பிறந்த ஆந்த்ரேய் உயிச்சாவோடு சேர்ந்து செய்த 'ஒரு புரட்சியின் வீடியோகிராம்கள்' (1992) இது. 125 மணி நேரப் பதிவுகளிலிருந்து 106 நிமிடம். அரசுத் தொலைக்காட்சியின் பதிவுகள், ஜன்னலிலிருந்து யாரோ வீட்டுக் கேமராவில் எடுத்தவை, எல்லாம் கலந்து வருகின்றன. ஒரு ஷாட்கூட இவர்கள் புதிதாக எடுத்ததில்லை. ஒரே சம்பவத்தை இரண்டு கேமரா பார்த்திருந்தால் இரண்டையும் வைத்து, எது எங்கே நின்றது, எது எதைப் பார்க்கவிடாமல் தடுக்கப்பட்டது என்று பொறுமையாகச் சொல்கிறார்கள்.

1993இல் பெர்லினில் இரண்டு அரங்குகளில் படம் திரையிடப்பட்டபோது, ஒவ்வோர் அரங்கிலும் பார்க்க வந்தவர் ஒரே ஒருவர் என்று அவரே பின்னாளில் எழுதினார்.

அரங்கிலிருந்து கூடத்துக்கு

அந்த ஒருவர் கணக்கு அவர் வழியை மாற்றியது. அதோடு, தொலைக்காட்சிகளும் இந்த மாதிரிப் படங்களுக்கு இடம் கொடுப்பதைக் குறைத்துக்கொண்டிருந்தன. 1995இல் பிரான்ஸின் லில் நகரத்து அருங்காட்சியகம் ஒன்று அவரை அழைத்தது. தன் வேலையைப் பற்றியே 'இடைமுகம்' என்ற ஒரு படைப்பு செய்தார். இரண்டு திரை, பக்கத்தில் பக்கத்தில். வெட்டு மேசையில் எப்போதும் இரண்டு படங்களை அருகருகே வைத்துப் பார்த்தவர், அந்தப் பார்வையைப் பார்வையாளருக்கே கொடுத்துவிட்டார். ஒன்றுக்குப் பின் ஒன்று என்று அடுக்காமல், ஒன்றுக்குப் பக்கத்தில் ஒன்று வைப்பதை அவர் மென்மையான படத்தொகுப்பு என்று அழைத்தார். இதுக்குப் பதில் இது என்று எதையும் தள்ளிவிடாமல், இதுவும் இதுவும் என்று பார்க்கச் சொல்கிற முறை.

2000இலிருந்து 2003 வரை செய்த 'கண்/இயந்திரம்' தொடரில், 1991 வளைகுடாப் போரில் ஏவுகணையின் மூக்கில் இருந்த கேமரா அனுப்பிய படங்களை எடுத்துக்கொண்டார். மனிதர் பார்ப்பதற்காக எடுக்காத படம். இலக்கைப் பிடிப்பதற்காக இயந்திரமே பார்த்துக்கொள்கிற படம். செயல்படு படங்கள் என்று இவற்றுக்கு அவர் வைத்த பெயர் இன்று பல்கலைக்கழகங்களில் புழங்குகிறது. ஆளில்லா விமானமும் முகம் அடையாளம் காணும் கேமராவும் தெருவுக்கு வந்துவிட்ட நாளில், அந்தப் பெயர் தேவைப்படுவதில் வியப்பில்லை.

'தீவிர விளையாட்டுகள்' (2009–10) நான்கு பகுதி. ஈராக் போருக்குப் போகிற அமெரிக்கச் சிப்பாய்கள் கணினி விளையாட்டு மாதிரியான மென்பொருளில் பயிற்சி எடுக்கிறார்கள். போரிலிருந்து மனம் உடைந்து திரும்பி வருகிறவர்களுக்குச் சிகிச்சை தருவதற்கும் கிட்டத்தட்ட அதே மாதிரியான மென்பொருள். கடைசிப் பகுதியில் ஃபரோக்கி இரண்டையும் அருகருகே வைத்து ஒரு வித்தியாசத்தைக் காட்டுகிறார். பயிற்சி மென்பொருளில் சூரியனும் உண்டு, பொருளுக்கு நிழலும் உண்டு. சிகிச்சை மென்பொருளில் நிழல் கிடையாது. அது கொஞ்சம் மலிவாகச் செய்தது. போருக்கு அனுப்புவதற்குச் செலவழித்த காசை, திரும்பி வந்தவனுக்குச் செலவழிக்கவில்லை. இதை அவர் குரலை உயர்த்திச் சொல்லவில்லை. நிழல் இல்லை என்று எழுதிக் காட்டுகிறார், அவ்வளவே.

'அவகாசம்' (2007) படத்தை இங்கே சொல்லாமல் போக முடியாது. நெதர்லாந்தின் வெஸ்டர்போர்க்கில், யூதர்களைக் கொலைமுகாம்களுக்கு அனுப்பும் முன் அடைத்துவைத்த இடைத்தங்கல் முகாமில் 1944இல் ருடால்ஃப் பிரெஸ்லாவுர் என்ற யூதக் கைதி, முகாம் தளபதியின் உத்தரவின்பேரில் எடுத்த படச்சுருள்கள். முகாம் நன்றாக நடக்கிறது என்று காட்டுவதற்காக எடுக்கச் சொன்னவை. ஃபரோக்கி அவற்றுக்கு ஒலி சேர்க்கவில்லை, இசை சேர்க்கவில்லை. எழுத்து அட்டைகள் மட்டும். ரயில் புறப்படும் காட்சியில் பயணி ஒருவரின் சூட்கேஸ் கடந்துபோகிறது. அதில் பெயரும் பிறந்த தேதியும் எழுதியிருக்கிறது. படத்தை நிறுத்திப் பெரிதாக்கிப் படித்து, பட்டியலோடு ஒப்பிட்டதில், அந்த ரயில் 1944 மே 19 அன்று போனது என்று கண்டறிய முடிந்திருக்கிறது. பிரெஸ்லாவுரும் பின்னர் அவுஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார். உயிரோடு திரும்பவில்லை.

கல் அறுப்பு

கடைசியாக, எனக்கு மிக நெருக்கமான படம்: 'ஒப்பீட்டுக்காக' (2009). 61 நிமிடம், 16 மி.மீ. ஃபிலிம். செங்கல் மட்டுமே விஷயம். பர்கினா ஃபாஸோவில் காந்தோ என்ற ஊரில் மருத்துவமனை கட்ட ஊரே திரண்டு மண் மிதிக்கிறது. இந்தியாவில் சூளை, ஐரோப்பாவில் தானியங்கி ஆலைகள், சுவிட்சர்லாந்தில் செங்கல்லை வளைவாக அடுக்கும் இயந்திரக் கை. வர்ணனை இல்லை.

நம்மூரில் செங்கல் செய்கிறார்கள் என்று யாரும் சொல்வதில்லை. கல் அறுக்கிறார்கள் என்றுதான் சொல்வோம். அச்சில் மண்ணை அடித்து, மேலே மிஞ்சியதை வழித்து, கவிழ்த்து, அச்சைத் தூக்குகிற அந்த அசைவைப் பார்த்தவர்களுக்குப் படத்தில் புதிதாக எதுவும் இல்லை என்று தோன்றலாம். எனக்கும் முதல் பத்து நிமிடம் அப்படித்தான் இருந்தது. எங்கள் தெருவில் அப்போது ஒரு வீடு எழும்பிக்கொண்டிருந்தது. படம் பார்த்த மறுநாள் காலை, லாரியிலிருந்து கல் இறங்குவதைப் பார்த்தேன். நான்கு பேர் வரிசையாக நின்று, இரண்டிரண்டு கல்லாகத் தூக்கிப் போட்டுப் பிடித்து அடுத்தவருக்குக் கைமாற்றினார்கள். பிடிக்கும்போது கை கொஞ்சம் பின்வாங்குகிறது. இல்லாவிட்டால் விரல் நசுங்கும். இத்தனை வருடம் அந்தத் தெருவில் நடந்திருக்கிறேன், அந்தப் பின்வாங்கலைக் கவனித்ததே இல்லை.

ஏழை நாட்டில் உழைப்பு, பணக்கார நாட்டில் இயந்திரம் என்று சுலபமாக முடித்துவிடலாம். படம் அதற்கு இடம் கொடுக்கவில்லை. காந்தோவில் வேலை முழுக்கப் பேச்சும் கூட்டமுமாக இருக்கிறது. ஐரோப்பிய ஆலையில் கிட்டத்தட்ட மனிதரே கண்ணில் படுவதில்லை. எது வளர்ச்சி என்று தீர்ப்பு எழுதாமல், கல்லைக் கல்லுக்குப் பக்கத்தில் வைக்கிறார். ஒரு குறை சொல்ல வேண்டுமென்றால், சூளையில் அறுப்பவரின் கூலி, முன்பணக் கடன் போன்றவை இந்த முறையில் திரைக்கு வருவதில்லை. அந்தக் கல்லுக்குப் பின்னால் இருக்கிற கணக்குநோட்டை அவர் திறந்திருக்கலாம் என்று நினைக்கிறேன். 1969இல் ஆலைக்குள் இருக்கும் பிணைப்பை அவ்வளவு கறாராக விரித்துக் காட்டியவரால் அது முடிந்திருக்கும்.

2011இல் மனைவி ஆண்ட்யே எஹ்மானோடு சேர்ந்து 'ஒரே ஷாட்டில் உழைப்பு' என்ற பட்டறைகளைத் தொடங்கினார். 1895இல் சினிமாவின் முன்னோடிகளான லூமியர் சகோதரர்கள் ஆலை வாசலில் கேமராவை வைத்துத் தொழிலாளர்கள் வெளியே வருவதை எடுத்ததற்குத் திரும்பிப் போகிற முயற்சி இது. விதி எளிது. ஒரு வேலையை எடுக்க வேண்டும். கூலி உள்ளதோ இல்லாததோ. ஒன்று அல்லது இரண்டு நிமிடம். வெட்டக் கூடாது. பெங்களூரு, கெய்ரோ, ஹனோய், ஜோஹன்னஸ்பர்க் உட்பட 15 நகரங்களில் உள்ளூர்க்காரர்களே எடுத்தார்கள். ஆயுள் முழுக்க வெட்டு மேசையில் உட்கார்ந்தவர் வெட்டக் கூடாது என்று விதித்தது முரணாகத் தெரியும். வெட்ட முடியாது என்றால் எங்கே தொடங்குவது, எங்கே நிறுத்துவது, கேமராவை எங்கே வைப்பது என்பதை எடுக்கும் முன்பே யோசித்தாக வேண்டும். படத்தொகுப்பு மொத்தமும் தலைக்குள்ளே நடந்துவிடுகிறது.

2014 ஜூலை 30 அன்று, 70 வயதில், ஃபரோக்கி இறந்தார். எஹ்மான் பிறகும் வேறு நகரங்களில் அந்தப் பட்டறையைத் தொடர்ந்து நடத்தினார். விதி மாறவில்லை: ஒரு வேலை, ஒரே ஷாட், இரண்டு நிமிடத்துக்குள்.